தூங்கும்போது அம்மாவின் கண் மூடுவதில்லை

வாசகி கேள்வி:

என் அம்மாவுக்கு 57 வயது. பத்து வருஷமாகச் சர்க்கரை இருக்கிறது. மூன்று வாரம் முன்பு காலையில் வாய் கொப்பளிக்கும்போது தண்ணீர் ஒரு பக்கமாக ஒழுகியது. பார்த்தால் இடது பக்க முகமே தொங்கியிருந்தது. மறுநாளே ஆஸ்பத்திரிக்குப் போனோம். பக்கவாதம் இல்லை, முகவாதம் என்று சொல்லிப் பத்து நாளைக்கு மாத்திரை கொடுத்தார்கள். வாய் இப்போது கொஞ்சம் தேவலை. ஆனால் இடது கண் மூட மாட்டேன் என்கிறது. தூங்கும்போது வெள்ளைமுழி மட்டும் தெரிகிறது, பார்க்கவே பயமாக இருக்கிறது. கண்ணில் தண்ணீர் வழிந்துகொண்டே இருக்கிறது. டாக்டரோ கண் காய்கிறது என்று சொட்டு மருந்து எழுதியிருக்கிறார். தண்ணீர் கொட்டுகிற கண் எப்படிக் காயும்? சூயிங்கம் மெல்லச் சொல்கிறார்கள், கரண்ட் வைக்கச் சொல்கிறார்கள், விளக்கெண்ணெய் விடச் சொல்கிறார்கள். எதைச் செய்வது? அடுத்த மாதம் தம்பிக்குக் கல்யாணம். இந்த முகத்தோடு மணவறைப் பக்கம் வர மாட்டேன் என்று அம்மா அழுகிறார்.

கண் மருத்துவர் பதில்:

அன்புள்ள சகோதரி, மறுநாளே ஆஸ்பத்திரிக்குப் போனீர்களே, அது பெரிய காரியம். முகவாதத்துக்கு ஸ்டீராய்டு மாத்திரையை முதல் 72 மணி நேரத்துக்குள் தொடங்கினால்தான் முழுப் பலன். 2007-ல் வெளிவந்த ஸ்காட்லாந்து ஆய்வு ஒன்றில், அந்த நேரத்துக்குள் மாத்திரையைத் தொடங்கியவர்களில் 83 சதவீதம் பேருக்கு மூன்று மாதத்தில் முகம் முழுதாகத் திரும்பியது. மாத்திரை எடுக்காதவர்களில் அது 64 சதவீதம். ஒன்பது மாதத்தில் 94-ம் 82-மாக ஆனது. வாய்ப் பக்கம் அசைவு வரத் தொடங்கிவிட்டது என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். அது நல்ல அறிகுறி. அம்மாவிடம் இதைச் சொல்லுங்கள்.

என் கவலை முகத்தைப் பற்றி இல்லை, கருவிழியைப் பற்றி. சில வருஷங்களுக்கு முன் பூக்கட்டும் அம்மா ஒருவர் என்னிடம் வந்தார். முகவாதம் வந்து ஆறு வாரம் ஆகியிருந்தது. "வாய் நேராகிவிட்டது டாக்டர், கண்தான் மங்கலாக இருக்கிறது" என்றார். சிரித்துக் காட்டச் சொன்னேன், முகம் ஏறக்குறைய சரியாகவே இருந்தது. விளக்கடித்துப் பார்த்தால் கருவிழியின் கீழ்ப்பாதியில் அரிசி நொய் அளவுக்கு வெள்ளைத் தழும்பு. அந்த ஆறு வாரமும் இரவில் கண் திறந்தபடியே தூங்கியிருக்கிறார். களிம்பு போட வேண்டும் என்று யாரும் அவருக்குச் சொல்லவில்லை. நரம்பு தானாகத் திரும்பிவிட்டது, தழும்பு போகவில்லை. உங்கள் கடிதத்தைப் படித்ததும் அவர் முகம்தான் நினைவுக்கு வந்தது. அதனால்தான் இவ்வளவு விரிவாக எழுதுகிறேன்.

முதலில் கண்ணை மூடும் தசை எது என்று பார்த்துவிடுவோம். இது தெரிந்தால் உங்கள் கேள்விகளில் பாதிக்கு விடை கிடைத்துவிடும். அதன் பெயர் ஆர்பிகுலாரிஸ் ஆக்குலி. கண்ணைச் சுற்றி, தோலுக்கு நேர் கீழே, செக்குமாடு சுற்றிய தடம் போல வட்டமாக ஓடுகிற மெல்லிய தசை. புருவத்துக்கு மேலே தொடங்கி, காதுக்கு முன்னால் நெற்றியோரத்துப் பொட்டுப் பக்கம் பரவி, கீழே கன்னம் வரை வரும். இதன் முக்கியமான பிடிமானம் மூக்கோரத்தில் இருக்கிறது. தொட்டே பார்க்கலாம்: கண்ணின் வெளிமூலையில் விரலை வைத்துக் காதுப் பக்கமாக மெதுவாக இழுங்கள். உள்மூலையில், மூக்குக்குப் பக்கத்தில், சின்னக் கயிறு போல ஒன்று விறைத்துக்கொண்டு தெரியும். அதுதான் இமையை எலும்போடு கட்டிவைக்கும் நாண்.

ஒரே தசை என்றாலும் இதில் மூன்று வேலைக்காரர்கள் இருக்கிறார்கள். வெளிவட்டம், கண்ணில் தூசி பறந்தால் இறுக்கி மூடுகிறோமே, அதற்கு. புருவம் இறங்கும், கன்னம் ஏறும், வெளிமூலையில் சுருக்கம் விழும். இமைக்குள்ளேயே இருக்கும் உள்பகுதி, நாம் நினைக்காமலே நடக்கிற இமைப்புக்கும் தூக்கத்துக்கும். சாதாரணமாக நிமிஷத்துக்குப் பதினைந்து இருபது தடவை இமைக்கிறோம், அப்போது புருவம் அசைவதே இல்லை. மூன்றாவது, மூக்கோரத்தில் கண்ணீர்ப் பைக்குப் பின்னால் போய் ஒட்டுகிற சின்னஞ்சிறு பகுதி. அமெரிக்க உடற்கூறியல் பேராசிரியர் வில்லியம் ஹார்னர் பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இதை விவரித்ததால் ஹார்னர் தசை என்று பெயர். ஆள் சிறிது, ஆனால் உங்கள் அம்மாவின் கண்ணீர் வழிவதற்கான காரணத்தில் பாதி இங்கேதான் இருக்கிறது.

தண்ணீர் கொட்டுகிற கண் எப்படிக் காயும் என்று கேட்டிருந்தீர்கள். மிகச் சரியான கேள்வி. வாசலில் ஒரு வாளித் தண்ணீரைக் கொட்டினால் வாசல் மெழுகியதாக ஆகுமா? கையால் இழுத்துப் பரப்பினால்தானே ஆகும். மேல் இமை ஒவ்வொரு முறை இறங்கி ஏறும்போதும் கண்ணீரைக் கருவிழி மேல் மெல்லிய படலமாக மெழுகிவிட்டுப் போகிறது. மூடுவதும் ஒரே வீச்சில் இல்லை, வெளிமூலையிலிருந்து மூக்குப் பக்கமாக ஜிப் போடுவது போல மூடும். அப்படித் தள்ளப்பட்ட பழைய கண்ணீரை, உள்மூலையில் இருக்கிற ஊசிமுனைத் துளைகள் வழியாகப் பைக்குள் இழுத்து மூக்குக்கு அனுப்புவதற்கு அந்தச் சின்னத் தசையின் சுருக்கமும் விரிவும் வேண்டும். இப்போது அம்மாவுக்கு மூன்றும் நின்றிருக்கிறது. மெழுக ஆள் இல்லை, அதனால் கருவிழி ஆங்காங்கே காய்கிறது. காய்ந்த எரிச்சலில் கண் இன்னும் கண்ணீர் சுரக்கிறது. வடிகால் வேலை செய்யவில்லை. கீழ் இமையும் தொய்ந்து, துளை கண்ணை விட்டு வெளியே திரும்பிவிட்டது. அதனால் வந்த கண்ணீரெல்லாம் கன்னத்தில் வழிகிறது. உங்கள் டாக்டர் சொன்னதும் சரி, நீங்கள் பார்த்ததும் சரி.

கண் ஏன் மூடாமல் திறந்தே இருக்கிறது என்பதற்கும் இங்கேயே பதில். இமையைத் தூக்குவது வேறொரு தசை, லிவேட்டர் என்று பெயர். அதற்கு வருவது மூன்றாவது மூளை நரம்பு. மூடுவதற்கு ஏழாவது நரம்பு. அம்மாவுக்கு அடிபட்டிருப்பது ஏழாவது மட்டும்தான். தூக்குகிறவர் பலமாக இருக்கிறார், எதிரே இழுக்க ஆள் இல்லை.

இந்த ஏழாவது நரம்பு வரும் வழியைத் தெரிந்துகொண்டால், காற்று அடித்தது, பனி பட்டது என்ற பேச்சுக்கெல்லாம் இடம் இருக்காது. மூளைத் தண்டில் கிளம்பி, காது நரம்போடு சேர்ந்து, காதுக்குள் இருக்கும் கெட்டி எலும்பில் குடைந்த ஒரு குழாய்க்குள் நுழைகிறது. சுமார் 3 சென்டிமீட்டர் நீளம், வளைந்து வளைந்து போகும். மிகக் குறுகலான இடத்தில் அகலம் ஒரு மில்லிமீட்டர்கூட இல்லை, சுமார் 0.7 மில்லிமீட்டர். மழையில் ஊதிய கதவு நிலையில் இறுகிக்கொள்கிற மாதிரி, நரம்பு வீங்கினால் அங்கே நசுங்கும். எலும்பு விரிந்து கொடுக்காது. பெரும்பாலும் உடம்பில் பழைய நாளிலிருந்து பதுங்கியிருக்கிற வைரஸ் விழித்துக்கொள்வதுதான் வீக்கத்துக்குக் காரணம் என்று கருதுகிறோம். சர்க்கரை உள்ளவர்களுக்கும், கர்ப்பத்தின் கடைசி மாதங்களில் இருக்கும் பெண்களுக்கும் இது கூடுதலாக வருகிறது. முகம் கோணுவதற்கு முந்தின நாள் காதுக்குப் பின்னால் வலித்ததா என்று அம்மாவைக் கேட்டுப் பாருங்கள், நிறையப் பேர் ஆமாம் என்பார்கள்.

நரம்பு காது மடலுக்குக் கீழே, பின்பக்கம் இருக்கிற துவாரம் வழியாக வெளியே வருகிறது. அம்மைக்கட்டு வந்தால் வீங்குமே, அந்த பரோட்டிட் சுரப்பிக்குள் புகுந்து, அங்கே விரித்த கைவிரல்கள் போல ஐந்து கிளையாகப் பிரிகிறது. பொட்டு வழியாக ஏறும் கிளை நெற்றிக்கும் மேல் இமைக்கும் வருகிறது. கன்ன எலும்பின் மேல் போகிற கிளை முக்கியமாகக் கீழ் இமைக்கு. இரண்டும் ஒன்றோடொன்று பின்னிக்கொண்டு, வெளிப்பக்கத்திலிருந்து, தசையின் அடிப்புறமாக உள்ளே நுழைகின்றன. கன்ன எலும்பின் மேல் நரம்பு தோலுக்கு மிக அருகில் இருப்பதால்தான் தொழுநோயில் இந்தக் கிளைகள் குறிப்பாகப் பாதிக்கப்படுகின்றன. செங்கல்பட்டிலும் கரிகிரியிலும் இருக்கும் தொழுநோய் மருத்துவமனைகளில் கண் மூடாதவர்களுக்கு, நெற்றியோரத்துப் பொட்டில் இருக்கும் மெல்லும் தசையிலிருந்து ஒரு பட்டையை எடுத்து இமைக்குள் ஓட்டி, பல்லைக் கடித்தால் கண் மூடும்படி அறுவை சிகிச்சை செய்திருக்கிறார்கள். அவர்களுக்கு வந்த பெரிய துன்பம், கருவிழியில் உணர்ச்சியும் போய்விடுவது. தூசி விழுந்தாலும் தெரியாது. உங்கள் அம்மாவுக்கு உணர்ச்சி நரம்பு ஐந்தாவது, அது நன்றாகத்தான் இருக்கும். கண் உறுத்துகிறது என்று அவர் சொன்னால் அந்த உறுத்தல் அவருக்குக் காவல். "எப்பவும் ஏதாவது சொல்லிக்கிட்டே இருக்கே" என்று தட்டிவிடாதீர்கள்.

பக்கவாதம் இல்லை என்று எப்படிச் சொன்னார்கள் என்று வீட்டில் யாராவது சந்தேகப்பட்டால்: நெற்றிக்கும் கண் மூடும் தசைக்கும் மூளையின் இரண்டு பக்கத்திலிருந்தும் கட்டளை வருகிறது. அதனால் பக்கவாதத்தில் வாய் கோணினாலும் நெற்றி சுருங்கும், கண் பெரும்பாலும் மூடும். நரம்பே நசுங்கிய முகவாதத்தில் நெற்றியும் வழவழவென்று ஆகிவிடும். ஆனாலும் இதை வீட்டிலேயே பார்த்து முடிவு செய்யக் கூடாது. யாருக்கு முகம் கோணினாலும், கை கால் இழுத்தாலும், பேச்சு குழறினாலும் உடனே 108-ஐக் கூப்பிட வேண்டியதுதான்.

வெள்ளைமுழி விஷயத்துக்கு வருகிறேன். பயப்படாதீர்கள், அது புதிதாக வந்த கோளாறு இல்லை. நம்மில் பெரும்பாலோருக்குக் கண்ணை மூடும்போது முழி மேலே சுழன்று, கருவிழி மேல் இமைக்கு அடியில் போய் ஒளிந்துகொள்ளும். இமை மூடியிருப்பதால் யாருக்கும் தெரிவதில்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டில் சார்லஸ் பெல் என்ற ஸ்காட்லாந்து மருத்துவர் இதை எழுதிவைத்தார், பெல்ஸ் பால்சி என்று இந்த வியாதிக்கே பெயர் வந்ததும் அவரால்தான். ஆகவே வெள்ளை மட்டும் தெரிவது, கருவிழி உள்ளே பத்திரமாக இருக்கிறது என்பதற்கு அடையாளம். சிலருக்கு இந்தச் சுழற்சி இருக்காது, அல்லது பக்கவாட்டில் திரும்பும். அவர்களுக்குத்தான் ஆபத்து அதிகம். தூக்கத்தில் முழி ஒரே நிலையில் நிற்காது என்பதையும் சொல்லிவிட வேண்டும். இன்றைக்கு அம்மா அயர்ந்த பிறகு, பக்கத்து அறை வெளிச்சத்தில் பாருங்கள். இடைவெளியில் வெறும் வெள்ளையா, கறுப்பு ஓரமும் தெரிகிறதா? கறுப்பு தெரிந்தால் மறுநாளே கண் மருத்துவரிடம் காட்டுங்கள்.

அங்கே என்ன செய்வார் என்றும் சொல்கிறேன். ஆரஞ்சு நிறச் சாயக் காகிதத்தைக் கண்ணில் ஒற்றி, நீல விளக்கில் பார்ப்பார். காய்ந்து உரிந்த இடங்கள் பச்சையாக மின்னும். மூடாத கண்ணில் அவை கருவிழியின் கீழ் மூன்றில் ஒரு பாகத்தில், புள்ளிக் கோலத்துக்குப் புள்ளி வைத்த மாதிரி வரிசையாக இருக்கும். புள்ளிகள் மட்டும் என்றால் சொட்டு மருந்தையும் களிம்பையும் கூட்டினாலே ஆறிவிடும். புள்ளிகள் சேர்ந்து புண்ணாகிவிட்டால் கதை வேறு. கண்ணை மெதுவாக மூடச் சொல்லி இடைவெளியை ஸ்கேலால் அளப்பார், பிறகு இறுக்கி மூடச் சொல்லி அளப்பார். மெதுவாக மூடும்போது வருகிற அளவுதான் முக்கியம், தூக்கத்தில் நடப்பது அதுதான்.

இனி வேலை. பகலில் உங்கள் டாக்டர் எழுதிய கண்ணீர்ச் சொட்டை மணிக்கு ஒரு தடவை, குறைந்தது இரண்டு மணிக்கு ஒரு தடவை விடலாம். அடிக்கடி விட வேண்டியிருப்பதால் பிரிசர்வேட்டிவ், அதாவது மருந்து கெடாமலிருக்கச் சேர்க்கும் ரசாயனம், இல்லாததாகக் கேட்டு வாங்குங்கள். பழைய பாட்டிலில் மிஞ்சிய ஸ்டீராய்டு சொட்டு எதுவும் வேண்டவே வேண்டாம். அம்மாவுக்குக் கொஞ்சமாவது இமை இறங்குகிறது என்றால், சொட்டு விடுகிற போதெல்லாம் மனதறிந்து பத்துத் தடவை மெதுவாக இமைக்கச் சொல்லுங்கள், முடியாவிட்டால் சுத்தமான விரலால் இமையை இறக்கிவிடட்டும்.

இரவில் கையைக் கழுவிவிட்டு, கீழ் இமையை இழுத்து, உள்பக்கம் ஒரு அரிசி நீளத்துக்கு, கண் காயாமல் காக்கும் கண் களிம்பு. பார்வை மங்கும், அதனால் கழிவறைக்கெல்லாம் போய்வந்த பிறகு படுக்கையில் வைத்துப் போடுங்கள். இமையின் மேல் தோலில் களிம்பு ஒட்டியிருந்தால் துடைத்துவிடுங்கள், இல்லாவிட்டால் பிளாஸ்திரி ஒட்டாது. அப்புறம் மேல் இமையை விரலால் கீழே இறக்கி, கண் முழுதாக மூடியதைப் பார்த்துக்கொண்டு, மெல்லிய பேப்பர் பிளாஸ்திரியை இமையிலிருந்து கன்னத்துக்குச் சாய்வாக ஒட்டுங்கள். இங்கேதான் நிறையப் பேர் தவறுகிறார்கள்: கண் திறந்திருக்கும்போதே மேலே பஞ்சு வைத்து ஒட்டிவிடுகிறார்கள். பஞ்சு இரவெல்லாம் கருவிழியில் உரசும். அதற்கு ஒட்டாமல் இருப்பதே மேல். ஒட்டத் தெரியவில்லை என்றால் களிம்பை நிறையப் போட்டு, காற்றுப் புகாமல் கண்ணை விட்டு விலகி நிற்கிற பிளாஸ்டிக் கண்கவசம் வைக்கலாம். மின்விசிறிக் காற்று முகத்தில் நேரே அடிக்கும் இடத்தில் படுக்க வேண்டாம்.

விளக்கெண்ணெய், தாய்ப்பால், மூலிகைச் சாறு எதுவும் வேண்டாம். சொல்கிறவர்கள் பாசத்தில்தான் சொல்கிறார்கள். ஆனால் காய்ந்து உரிந்த கருவிழி திறந்த காயம் மாதிரி, கிருமி சுலபமாக ஏறும். அதுவும் சர்க்கரை உள்ள உடம்பு. சூயிங்கம் மெல்வதால் பிரயோஜனமில்லை, மெல்லும் தசைகளுக்கு வருவது ஐந்தாவது நரம்பு, ஏழாவதுக்கு அதில் ஒரு வேலையும் இல்லை. பலூன் ஊதுவது, முழுப்பலத்தோடு முகத்தைக் கோணுவது எல்லாம் வேண்டாம். கரண்ட் வைப்பதால் நன்மை என்று உறுதியான சான்று இல்லை. அந்தப் பணத்தைச் சொட்டு மருந்துக்கு வைத்துக்கொள்ளுங்கள். பிசியோதெரபிஸ்ட் ஒருவர் கண்ணாடி முன் உட்கார வைத்து, மெதுவான சின்ன அசைவுகளைச் சொல்லித் தந்தால் செய்யலாம்.

அழுத்திப் பயிற்சி வேண்டாம் என்பதற்குக் காரணம் உண்டு. நசுங்கிய நரம்பு இழைகளில் சில செத்துப்போய்த் திரும்ப முளைக்கும்போது, நாளுக்குச் சுமார் 1 மில்லிமீட்டர்தான் வளரும். வழியில் சில இழைகள் பாதை மாறும். வாய்க்குப் போக வேண்டியது கண்ணுக்குப் போகும். அப்படி ஆனால் சில மாதம் கழித்து, சாப்பிடும்போதும் சிரிக்கும்போதும் அந்தக் கண் தானாகச் சுருங்கும். சோற்றைக் கண்டதும் கண்ணீர் வடிகிறவர்களும் உண்டு. இது அம்மாவுக்கு வரும் என்று சொல்லவில்லை. வந்தால் பயந்துவிடாதீர்கள், தேவையான இடத்தில், நரம்பின் கட்டளையைத் தற்காலிகமாகத் தடுக்கும் போட்டாக்ஸ் ஊசி கொஞ்சம் போட்டாலே அடங்கும்.

மூன்று மாதம் ஆகியும் அசைவே இல்லை என்றால், அல்லது நன்றாகிக்கொண்டிருந்தது திரும்ப மோசமானால், நரம்பு வரும் வழியில் கட்டி ஏதாவது அழுத்துகிறதா என்று பார்க்க ஸ்கேன் எடுக்க வேண்டும். கண் நெடுநாள் மூடாமல் இருந்தாலும் வழிகள் இருக்கின்றன. இமையின் வெளிமூலையைக் கொஞ்சம் தைத்துவிடலாம். ஒரு கிராம் எடைக்குத் தங்கம் அல்லது பிளாட்டினத் தகட்டை மேல் இமைக்குள் வைத்தால், லிவேட்டர் தளரும்போது எடையால் இமை தானே இறங்கும். உட்கார்ந்திருக்கும்போது நன்றாக வேலை செய்யும், மல்லாந்து படுத்தால் அவ்வளவு இல்லை, அதனால் இரவுக் களிம்பு அப்போதும் தொடரும். உங்கள் அம்மாவுக்கு இது எதுவும் தேவைப்படாது என்றே நினைக்கிறேன். சர்க்கரையை மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள், ஸ்டீராய்டு மாத்திரையால் ஏறியிருக்கும், ஒரு தடவை பரிசோதித்துவிடுங்கள்.

கண் சிவந்தாலும், குத்தி வலித்தாலும், களிம்பு துடைத்த பிறகும் பார்வை மங்கலாக இருந்தாலும், கறுப்பில் வெள்ளைப் புள்ளி தெரிந்தாலும் அன்றைக்கே கண் மருத்துவரைப் பாருங்கள், திங்கட்கிழமை போகலாம் என்று வைக்காதீர்கள்.

கல்யாணத்துக்கு அம்மா வந்தே ஆக வேண்டும். இன்னும் நான்கைந்து வாரம் இருக்கிறது, அதற்குள் முகம் இன்னும் தேறியிருக்கும். மண்டபத்துக்குப் போகும் வழியில் ஜன்னல் காற்று படாமல் பெரிய கண்ணாடி போட்டுவிடுங்கள், வெறும் கண்ணாடிதான், பவர் தேவையில்லை. மணவறையில் ஹோமப் புகை அடிக்காத பக்கமாக நாற்காலி போடச் சொல்லுங்கள், ஏசி காற்று நேரே வராத இடமாகவும் இருக்கட்டும். அந்தக் கண்ணுக்கு மை வேண்டாம், இன்னொரு கண்ணுக்கும் அன்று மட்டும் போடாமல் விட்டுவிட்டால் வித்தியாசம் தெரியாது. போட்டோ எடுக்கிற தம்பியிடம், அம்மாவின் வலது பக்கமாக நின்று எடுக்கச் சொல்லிவையுங்கள். தாலி கட்டும் நேரத்தில் அழுதால் இரண்டு கண்ணிலும்தான் தண்ணீர் வரும், கெட்டி மேளம் அடங்கியதும் இடது கண்ணை ஒற்றியெடுத்துவிட்டு ஒரு சொட்டு விட்டுவிடுங்கள். பாட்டில் உங்கள் கைப்பையிலேயே இருக்கட்டும்.